மதுரையிலிருந்து வரும் தேதி

சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ஒரு வகை மனு அடிக்கடி பட்டியலில் ஏறும். அதில் கேட்பது மிகக் குறைவு. கீழ்க்கோர்ட்டில் என் வழக்கு இத்தனை வருடமாகக் கிடக்கிறது, அதை இன்ன காலத்துக்குள் முடிக்கச் சொல்லுங்கள், அவ்வளவுதான். அரசியலமைப்பின் 227ஆவது பிரிவின் கீழ் வரும் உரிமையியல் சீராய்வு மனு இது. வக்கீல்கள் வாயில் இதன் பெயர் சி.ஆர்.பி.; கிடைக்கும் உத்தரவும் ஒன்றிரண்டு பக்கத்தைத் தாண்டாது. கோரிக்கை சிறியது என்பதால் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் தேவையில்லை என்று ஒரு வரி இருக்கும். வழக்கின் தகுதி பற்றி இந்த நீதிமன்றம் ஒன்றும் சொல்லவில்லை என்று இன்னொரு வரி. ஆறு மாதத்துக்குள் முடிக்கும்படி கீழமை நீதிமன்றத்துக்கு ஓர் உத்தரவு. நகல் வாங்கி, சிவகாசிக்கோ ஸ்ரீவில்லிபுத்தூருக்கோ கொண்டுபோய்க் கொடுத்தால், அடுத்த வாய்தாவிலிருந்து அந்தக் கேஸ் கட்டு மேசையின் மேலே வந்துவிடும்.

மேலே வருகிற ஒவ்வொரு கட்டுக்கும் அடியில் ஒரு கட்டு இறங்குகிறது. இறங்கியது யாருடையது என்று அந்த உத்தரவில் இருக்காது. மேல் நீதிமன்றங்கள் கீழ் நீதிமன்றத் தாமதத்தைக் கண்டு கவலைப்படுவது இன்று நேற்றுத் தொடங்கியதல்ல, நூற்றாண்டைத் தாண்டிவிட்டது. அந்தக் கவலை எப்போது வரிசையைக் குறைத்தது, எப்போது வரிசையில் ஆளை மட்டும் மாற்றி நிறுத்தியது என்பதைத்தான் பார்க்க வேண்டும்.

சிவகாசியை ஒட்டிய நாரணாபுரம் போன்ற ஊரில் இதை யோசிப்பதற்குக் காரணம் இருக்கிறது. இங்கே நிலம் வெறும் விளைநிலம் இல்லை. வானம் பார்த்த பூமியில் மழை வராததே தொழிலுக்கு வரமான இடம் இது. பட்டாசு ஆலை என்றால் அறைக்கும் அறைக்கும் இடையே விதிப்படி இடைவெளி விட வேண்டும்; மருந்துக் கிடங்குக்குத் தனி இடைவெளி. ஒரு சிறிய ஆலைக்கே ஏக்கர் கணக்கில் இடம் தேவை. அந்த இடத்தில் தாத்தா காலத்துப் பாகம் ஒன்று பிரியாமல் நின்றாலோ, வண்டிப்பாதைத் தகராறு ஒன்று கோர்ட்டில் இருந்தாலோ, துணிந்து பணம் போட ஆள் வரமாட்டார். வழக்கு முடியும்வரை முள்செடிதான் வளரும். இன்னொரு பக்கம் கடன் வியாபாரம். தீபாவளிக்கு முன் வடக்கே சரக்கு போகும், பணம் தீபாவளிக்குப் பின் வரும். சில வருடம் வராது. அப்போது பணவழக்கு. நாட்டில் பாதிச் சுவர்களுக்கு நாள்காட்டி அச்சடித்து அனுப்பும் ஊர்க்காரர்கள், தங்கள் வழக்குக்கு ஒரு தேதி வாங்க மதுரைக்குப் போகிறார்கள்.

மாவட்டத் தலைநகர் விருதுநகர் என்றாலும் மாவட்ட நீதிமன்றம் இருப்பது ஸ்ரீவில்லிபுத்தூரில். 1910-இல் மதுரை, திருநெல்வேலி மாவட்டங்களிலிருந்து பகுதிகளை வெட்டி எடுத்து ராமநாதபுரம் மாவட்டம் உண்டானது. அதிலிருந்து 1985-இல் விருதுநகர் பிரிந்தது. எல்லைகள் இடம் மாறிக்கொண்டே இருந்தன. வழக்காடும் வழக்கம் மட்டும் அதற்கெல்லாம் மூத்தது. இந்த வட்டாரத்தின் இரண்டு பழைய வழக்குகள் இன்றும் சட்டக் கல்லூரிகளில் பாடமாக இருக்கின்றன.

முதலாவது சிவகங்கை ஜமீன் வழக்கு. கௌரி வல்லபத் தேவர் 1829-இல் இறந்தார். ஜமீன் மனைவி, மகள் வழியில் போக வேண்டுமா, அண்ணன் வழி ஆண் வாரிசுகளுக்கா என்பது கேள்வி. அவருடைய விதவை ஒருவர் வழக்காடினார். தோற்று, லண்டனில் இருந்த பிரிவி கவுன்சிலுக்கு மேல்முறையீடு செய்தார். அது முடிவதற்குள் இறந்துபோனார். மகள் காத்தம நாச்சியார் தன் உரிமையைக் கேட்டு வழக்கைத் தொடர்ந்தார். 1863-இல்தான் பிரிவி கவுன்சில் அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது. தேவர் இறந்து 34 வருடம். அந்தக் காலத்துக்குள் கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆட்சி போய் ராணியின் ஆட்சி வந்தது, 1859-இல் முதல் சிவில் நடைமுறைச் சட்டம் வந்தது, 1862-இல் சென்னையில் உயர் நீதிமன்றமே வந்தது. வழக்கு மட்டும் நடந்துகொண்டிருந்தது.

இரண்டாவது, சிவகாசிக்காரர்கள் மறக்க முடியாத வழக்கு. 1897 மே மாதம் கமுதி மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுக்குள் நாடார்கள் நுழைந்தார்கள். கோயிலின் பரம்பரை அறங்காவலரான ராமநாதபுரம் பாஸ்கர சேதுபதி, அவர்களுக்கு நுழையும் உரிமை இல்லை என்று அறிவிக்கவும் கோயிலைச் சுத்திகரிக்கும் செலவைக் கொடுக்கவும் கேட்டு மதுரை சார்பு நீதிமன்றத்தில் 1898-இல் வழக்குப் போட்டார். ஏராளமான சாட்சிகள், புராணம், கல்வெட்டு, வழக்கம் என்று பெரிய விசாரணை. அது நடந்துகொண்டிருக்கும்போதே 1899 ஜூன் 6 அன்று சிவகாசி கொள்ளை எனப்படும் நாடார்கள் மீதான தாக்குதல் நடந்தது. அடுத்த மாதமே சார்பு நீதிமன்றம் நாடார்களுக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. மேல்முறையீட்டின்போது சேதுபதியே சமரசத்துக்கு இறங்கினார் என்றாலும் அது நிற்கவில்லை. 1901-இல் உயர் நீதிமன்றம் தீர்ப்பை உறுதிசெய்தது, 1908-இல் பிரிவி கவுன்சிலும் உறுதிசெய்தது. அதற்குள் பாஸ்கர சேதுபதி காலமாகி, வழக்கு வாரிசின் பெயரில் நின்றது.

முன்சொன்னதைவிட இது எவ்வளவு விரைவு என்று கவனிக்க வேண்டும். இத்தனை சாட்சிகள் கொண்ட அசல் வழக்கு கீழ்நிலையில் இரண்டு வருடத்துக்குள் முடிந்தது. கடல் கடந்து லண்டன் வரை போய்த் திரும்பியும் பத்துப் பதினோரு வருடம்தான். இன்றைக்கு ஒரு பாகப்பிரிவினை அந்த வேகத்தில் நடந்தால் வக்கீலுக்கு மாலை போடுவார்கள். ஆனால் அந்த வேகத்தில் வந்தது என்ன? கோயில் வாசலில் மனிதரைத் தடுக்கும் தீர்ப்பு. 1939 ஜூலையில் வைத்தியநாத ஐயர் மதுரை மீனாட்சி கோயிலுக்குள் ஆலயப் பிரவேசம் நடத்தி, ராஜாஜி அரசு அதற்குச் சட்டப் பாதுகாப்பு கொடுத்தபோதுதான் அதன் உயிர் போனது. சீக்கிரம் முடித்தால் போதும் என்று சொல்கிறவர்கள் யாராக இருந்தாலும், இந்த மண்ணில் அதைக் கொஞ்சம் யோசித்துச் சொல்ல வேண்டும்.

தாமதத்தைப் பற்றி அரசு முறையாகக் கவலைப்பட்டதும் புதிதல்ல. கல்கத்தா உயர் நீதிமன்ற நீதிபதி ராங்கின் தலைமையில் 1924-இல் சிவில் நீதிக் குழு ஒன்று அமர்ந்து அடுத்த ஆண்டே பெரிய அறிக்கை கொடுத்தது. சுதந்திரத்துக்குப் பின் 1958-இல் சட்ட ஆணையத்தின் 14ஆவது அறிக்கை. விசாரணை நீதிமன்றத் தேக்கத்துக்கென்றே 1978-இல் 77ஆவது அறிக்கை. பத்து லட்சம் மக்களுக்குப் பத்து நீதிபதிகள் என்ற கணக்கை ஐம்பதாக்கச் சொன்னது 1987-இல் வந்த 120ஆவது அறிக்கை. அதையே உச்ச நீதிமன்றம் 2002 மார்ச்சில் உத்தரவாகவும் போட்டது, ஐந்து வருடக் கெடுவோடு. இருபது வருடத்துக்கு மேலாகியும் பாதியைக்கூடத் தொடவில்லை. அனுமதிக்கப்பட்ட சுமார் 25,000 கீழமை நீதிபதி இடங்களில் ஏறக்குறைய ஐந்தில் ஒன்று காலியாகவே கிடக்கிறது. இந்த அறிக்கைகளை வரிசையாகப் படித்தால் சலிப்பு வரும். நோய்க்கூறு எல்லாவற்றிலும் ஒன்றேதான்: சம்மன் சார்பாவதில்லை, பதிலுரை வருவதில்லை, வாய்தா நிற்பதில்லை, டிக்ரி நிறைவேறுவதில்லை.

2002 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த சிவில் சட்டத் திருத்தம் இதில் ஒரு பெரிய முயற்சி. பதிலுரைக்கு 30 நாள், மிஞ்சினால் 90 நாள். விசாரணையில் ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது. நாடெங்கும் வக்கீல்கள் கொதித்தார்கள். அதை உச்ச நீதிமன்றம்வரை கொண்டுபோய்த் தன் பெயரைச் சட்டப் புத்தகத்தில் நிலைநிறுத்தியது நம் சேலம் வழக்கறிஞர் சங்கம். 2005 ஆகஸ்டில் வந்த இறுதித் தீர்ப்பு திருத்தத்தைச் செல்லும் என்றது. கூடவே 90 நாள் என்பது கட்டாயமல்ல, வழிகாட்டுதல்தான் என்றும், தன் கைமீறிய காரணம் இருந்தால் மூன்றுக்கு மேலும் வாய்தா தரலாம் என்றும் சொன்னது. சட்டம் பூட்டியதை நீதிமன்றம் தாழ்ப்பாளாக மாற்றியது. அது தவறு என்று சொல்லிவிட முடியாது. காய்ச்சலில் படுத்தவனின் வீட்டை ஒருதலைப்பட்சத் தீர்ப்பில் எடுத்துவிடக்கூடாதுதானே. ஆனால் அந்தத் தாழ்ப்பாள் வழியாக நுழைந்தவர்கள் எல்லாரும் காய்ச்சல்காரர்கள் இல்லை.

அதே திருத்தம் இன்னொன்றையும் செய்தது. இடைக்கால உத்தரவு ஒவ்வொன்றையும் தூக்கிக்கொண்டு உயர் நீதிமன்றத்துக்கு ஓடுவதைத் தடுக்க, 115ஆவது பிரிவின் சீராய்வு அதிகாரத்தைச் சுருக்கியது. வழக்கையே முடித்துவைத்திருக்கக்கூடிய உத்தரவாக இருந்தால்தான் சீராய்வு. அந்தக் கதவு சாத்தப்பட்டதும் பக்கத்துக் கதவு திறந்தது. அரசியலமைப்பின் 227 சட்டமன்றத் திருத்தத்துக்குக் கட்டுப்படாது என்று 2003-இல் உச்ச நீதிமன்றம் சூர்யதேவ் ராய் வழக்கில் சொல்ல, பழைய சீராய்வுகள் எல்லாம் புதுப் பிரிவின் பெயரில் வந்தன. அடுத்த வருடமே, 2004 ஜூலை 24-இல், மதுரைக் கிளை திறந்தது. சென்னைக்கு ரயிலேறிப் போன சிவகாசிக்காரருக்கு உயர் நீதிமன்றம் சுமார் 70 கிலோமீட்டரில் வந்தது. தென்மாவட்டங்கள் பல்லாண்டு போராடிப் பெற்ற நல்ல காரியம் அது, சந்தேகமில்லை. ஆனால் கமிஷனர் அறிக்கைக்கு ஆட்சேபம், ஆவணத்தைக் குறியீடு செய்ய மறுப்பு, சாட்சியைத் திரும்பக் கூப்பிட அனுமதி என்று ஒவ்வோர் இடைக்கால மனுவும் மதுரை ஏறி இறங்குவது எளிதாகிவிட்டது. ஏறியது இறங்கும்வரை இங்கே வாய்தா. முறைப்படி ஸ்டே இல்லாவிட்டாலும், மேலே மனு நிலுவையில் இருக்கிறது என்று வக்கீல் எழுந்து சொன்னாலே பல நீதிபதிகள் கட்டைத் தள்ளிவைத்துவிடுவார்கள். பணிவும் பயமும் கலந்த பழைய பழக்கம் அது.

இந்தக் கதவைப் பற்றி உச்ச நீதிமன்றம் கண்டிப்பாகப் பேசிய ஒரு தீர்ப்பு விருதுநகர் பெயரிலேயே இருக்கிறது. விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபைக்கும் தூத்துக்குடி கல்விச் சங்கத்துக்கும் இடையிலான வழக்கு, 2019 அக்டோபர் 3. இடைக்கால உறுத்துக்கட்டளைக்கு எதிராகச் சிவில் சட்டத்திலேயே மேல்முறையீட்டு வழி இருக்கும்போது அதைத் தாண்டி 227-இல் வந்த மனுவை உயர் நீதிமன்றம் எடுத்திருக்கக்கூடாது என்றது அத்தீர்ப்பு. எழுதியவர் நீதிபதி வி. ராமசுப்பிரமணியன், சென்னை உயர் நீதிமன்றத்தில் வக்கீலாகவும் நீதிபதியாகவும் இருந்து இந்தக் கதவின் இரண்டு பக்கமும் பார்த்தவர். சட்டம் தந்த வழி இருந்தால், அது ஏறக்குறைய முழுத்தடை என்றே கருத வேண்டும் என்பது அவர் சொன்னதன் சாரம். மேல் நீதிமன்றம் தன் கையைத் தானே கட்டிக்கொள்வதும் கீழ் நீதிமன்றத் தாமதத்துக்கு ஒரு மருந்துதான் என்று காட்டிய தீர்ப்பு அது. ஆறு மாதத்தில் முடி என்று போடும் ஆயிரம் உத்தரவைவிட இது எனக்குப் பெரிதாகப் படுகிறது.

அந்த ஆறு மாதக் கதைக்கு வருவோம். 2018 மார்ச்சில் ஏசியன் ரீசர்பேசிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு துணிச்சலான காரியம் செய்தது. சிவில் ஆனாலும் கிரிமினல் ஆனாலும், விசாரணைக்கு மேல் நீதிமன்றம் கொடுத்த தடை ஆறு மாதத்தில் தானாகவே உதிர்ந்துவிடும், காரணம் எழுதி நீட்டித்தால் ஒழிய. கேட்க இனிமையாகத்தான் இருந்தது. ஆனால் நியாயமாகத் தடை வாங்கியவரின் மனு, அவர் தவறு ஏதுமின்றி, பட்டியலில் வராமலே போனால்? அவர் தடையும் சேர்ந்து உதிர்ந்தது. 2024 பிப்ரவரி 29 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு அதைக் கவிழ்த்தது. நீதிபதி அபய் ஓகா எழுதிய அந்தத் தீர்ப்பில்தான் நாம் தொடக்கத்தில் பார்த்த மனுக்களுக்கான பதிலும் இருக்கிறது. வேறு நீதிமன்றத்தில் கிடக்கும் ஒரு வழக்கை இன்ன தேதிக்குள் முடி என்று அரசியலமைப்பு நீதிமன்றங்கள் சாதாரணமாக உத்தரவிடக்கூடாது, அசாதாரண நிலைமையில் மட்டுமே செய்யலாம் என்றது அது. எந்த வழக்கை முதலில் எடுப்பது என்பது அங்கே உட்கார்ந்திருப்பவருக்குத்தான் தெரியும். மேலே போக வசதி உள்ளவர் மட்டும் வரிசையில் முந்திவிடக்கூடாது என்ற கவலையும் அதில் உண்டு.

நாரணாபுரத்துக் கணக்கில் சொல்வதானால், தீப்பெட்டிக் கட்டைக்குக் குச்சி அடுக்கி நாள்கூலி வாங்கும் ஒரு பெண், அண்ணன்மார் தராமல் வைத்திருக்கும் தன் பாகத்துக்காக வழக்குப் போட்டிருக்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். அவளுக்கு மதுரையில் சி.ஆர்.பி. போட வக்கீல் பீஸ் இல்லை. அதே கோர்ட்டில் காலிமனைத் தகராறுக்காக வந்திருக்கும் ஆலைக்காரருக்கு இருக்கிறது. இரண்டு கட்டும் ஒரே மேசையில். ஒன்றில் மதுரையின் தேதி ஒட்டியிருக்கிறது. நீதிபதி நல்லவர், அவர் என்ன செய்வார்?

தாமதத்துக்குச் சட்டமே ஊட்டம் கொடுக்கும் இடங்களும் உண்டு. அவை பற்றி மேல் நீதிமன்றங்கள் பேசியும் ஒன்றும் நடக்கவில்லை. சிவில் சட்டத்தின் 34ஆவது பிரிவில், டிக்ரிக்குப் பின்னான வட்டி, வணிகக் கொடுக்கல்வாங்கல் தவிர்த்து, ஆண்டுக்கு 6 சதவீதத்தைத் தாண்டக்கூடாது. சிவகாசிக் கடைவீதியில் மாதம் நூற்றுக்கு இரண்டு வட்டி சாதாரணம். அப்படியென்றால் கடன்பட்டவருக்கு வழக்கை இழுப்பதைவிடச் சல்லிசான கடன் வேறு எங்கே கிடைக்கும்? பொய்யாக, வீம்பாக வழக்காடினால் ஈட்டுச் செலவு விதிக்கலாம் என்கிறது 35ஏ. உச்சவரம்பு 3,000 ரூபாய். 1976 திருத்தத்தில் வைத்த தொகை. அன்றைக்கு அது ஒரு குமாஸ்தாவின் பல மாதச் சம்பளம். இன்றைக்கு ஒருநாள் டாக்ஸி வாடகை. உச்ச நீதிமன்றம் 2009 முதல் பல தீர்ப்புகளில் இதைக் குத்திக்காட்டியாயிற்று. நாடாளுமன்றம் 2015-இல் பெரிய வணிக வழக்குகளுக்கு மட்டும் கணக்கை மாற்றியது. முனிசீப் கோர்ட்டுக்கு வரும் மனிதர்களுக்குப் பழைய 3,000 அப்படியே.

வக்கீல்களைச் சொல்லாமல் விட்டால் பக்கச்சார்பு ஆகிவிடும். வேலை நிறுத்தம் செய்ய வக்கீலுக்கு உரிமை இல்லை என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 2002 டிசம்பரில். பணிப் புறக்கணிப்பு என்று பெயரை மாற்றிக்கொண்டு அது நடந்துகொண்டுதான் இருக்கிறது. உயர் நீதிமன்றத்தின் பங்கும் உண்டு. அரசியலமைப்பின் 235ஆவது பிரிவின்படி கீழமை நீதிபதியின் மாறுதல் உயர் நீதிமன்றத்தின் கையில். குறுக்கு விசாரணை முழுவதும் ஒருவர் கேட்டிருப்பார், சாட்சியின் முகத்தைப் பார்த்திருப்பார். கோடை மாறுதலில் அவர் போய், வாதத்தை வேறொருவர் முதலிலிருந்து கேட்பார். இந்த ஊர்ப் பெயரோடு சேர்ந்த வழக்கொன்றில் உச்ச நீதிமன்றமே நிதானமாகத்தான் நடந்தது: சிவகாசித் தீப்பெட்டி, பட்டாசு ஆலைகளின் குழந்தைத் தொழிலாளர்கள் குறித்த எம்.சி. மேத்தா வழக்கு. 1986ஆம் ஆண்டு எண் கொண்ட அந்த மனுவில், ஒவ்வொரு குழந்தைக்கும் முதலாளி 20,000 ரூபாய் கட்ட வேண்டும் என்ற பெரிய தீர்ப்பு வந்தது 1996 டிசம்பர் 10 அன்று. மனு போட்டபோது ஒன்பது வயதுப் பிள்ளைக்கு அன்று பத்தொன்பது.

இதையெல்லாம் சொல்வதால் மேல் நீதிமன்றம் கையைக் கட்டிக்கொண்டிருக்க வேண்டும் என்று பொருளல்ல. அது நடைமுறையில் கை வைத்த இடங்களில் பலன் தெரிகிறது. பாகப்பிரிவினையையே எடுத்துக்கொள்ளலாம். நம் கோர்ட்டுகளில் அது இரண்டு வழக்கு. முதலில் யாருக்கு எத்தனை பங்கு என்று முதல்நிலை டிக்ரி. பிறகு கமிஷனர், சர்வேயர், வரைபடம், இறுதி டிக்ரி. இந்த இரண்டாவதற்குத் தனியாக மனுப் போட வேண்டும் என்பது நடைமுறை. முதல் டிக்ரியை வாங்கிக்கொண்டு, ஜெயித்துவிட்டோம் என்று வீட்டுக்குப் போய், பத்து வருடம் கழித்துத்தான் நிலம் இன்னும் கைக்கு வரவில்லை என்று உணர்ந்தவர்கள் கிராமத்துக்கு நாலு பேர் இருப்பார்கள். அதற்குள் இரண்டு பங்காளி இறந்து, வாரிசுகளைச் சேர்க்க மனு, சூரத்திலோ மும்பையிலோ இருக்கும் பேரனுக்குச் சம்மன். 2009-இலேயே இந்தப் பிளவை உச்ச நீதிமன்றம் குறை சொல்லியது. 2022 ஜூனில் கேரளத்திலிருந்து வந்த ஒரு வழக்கில் நேராகவே உத்தரவிட்டது: முதல்நிலை டிக்ரி கொடுத்ததும், யாரும் மனுப் போடக் காத்திராமல், இறுதி டிக்ரிக்கான நடவடிக்கைக்கு நீதிமன்றமே தேதி போட வேண்டும், தனி மனுவுக்கு அலைய விடக்கூடாது. இது எந்த ஒருவருக்கும் முன்னுரிமை தரவில்லை. சி.ஆர்.பி. போடாத அந்தக் குச்சி அடுக்கும் பெண்ணுக்கும் இது கிடைக்கும், கிடைக்கிறது என்று பார்த்துக்கொள்ள ஆள் இருந்தால்.

2023 அக்டோபரில் யஷ்பால் ஜெயின் வழக்கில் வந்த உத்தரவுகளும் பாதி இந்த வகை. 41 வருடம் ஓடிய ஒரு வழக்கு அது. சம்மன் சார்பு, பதிலுரைக் கெடு, எழுவினா வரைவு, சாட்சி விசாரணைத் தேதி என்று ஒவ்வொரு கட்டத்துக்கும் கணக்கு வைக்கச் சொன்னதோடு, ஐந்து வருடத்துக்கு மேற்பட்டவற்றைக் கண்காணிக்க ஒவ்வோர் உயர் நீதிமன்றத்திலும் குழு அமைக்கச் சொன்னது.

எல்லாவற்றிலும் கடைசிக் கட்டம்தான் கசப்பானது. இந்தியாவில் வழக்காடியவனின் கஷ்டம் டிக்ரி வாங்கியபின்தான் ஆரம்பமாகிறது என்ற பொருளில் பிரிவி கவுன்சில் 1872-இலேயே சொன்னது. ஒன்றரை நூற்றாண்டு கழித்து, 2021 ஏப்ரலில், நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பொதுவாக உத்தரவிட்டது. 2025 மார்ச் 6-இல் மீண்டும் சொல்ல வேண்டி வந்தது. இந்தமுறை வழக்கு தமிழ்நாட்டினுடையது, பெரியம்மாள் வழக்கு என்று அறியப்படுவது. 1980-இல் போட்ட கிரய ஒப்பந்தம், 1986-இல் டிக்ரி. இடம் கைக்கு வரவில்லை. தாங்கள் சாகுபடிதாரர்கள் என்று சொல்லி இடையில் நின்றவர்களின் ஆட்சேபத்தில் நிறைவேற்று நடவடிக்கை வருடக்கணக்கில் சிக்கிக்கொண்டது. டிக்ரி வாங்கியவர்களின் வாரிசுகள்தான் உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். நீதிபதிகள் பார்திவாலாவும் பங்கஜ் மித்தலும் அந்த ஒரு வழக்கைத் தீர்த்ததோடு நிற்கவில்லை. நாட்டின் எல்லா உயர் நீதிமன்றங்களும் தங்கள் எல்லையில் நிலுவையில் உள்ள நிறைவேற்று மனுக்களின் கணக்கை எடுத்து ஆறு மாதத்தில் முடிக்கச் செய்ய வேண்டும், முடிக்காவிட்டால் அந்த நீதிபதியே பதில் சொல்ல வேண்டும் என்றார்கள்.

அக்டோபரில் கணக்கு வந்தது. அந்த ஆறு மாதத்தில் முடித்தவை 3,38,685. பாக்கி 8,82,578. மகாராஷ்டிரத்தில் மட்டும் மூன்று லட்சத்துக்கு மேல். அடுத்த இடம் தமிழ்நாட்டுக்கு, 86,000-ஐத் தாண்டி. கர்நாடகம் கணக்கே அனுப்பவில்லை. அதிர்ச்சி தருவதாக இருக்கிறது என்று சொல்லி, நீதிமன்றம் இன்னும் ஆறு மாதம் கொடுத்தது.

இது தனியொருவருக்கான தேதி அல்ல, எல்லாருக்குமானது. அதனால் 2024-இன் ஐவர் அமர்வு சொன்னதற்கு முரணும் அல்ல. ஆனாலும் ஒரு சங்கடம் இருக்கிறது. நிறைவேற்று மனு முடிந்தது என்று பதிவேட்டில் ஏறுவதற்குப் பல வழிகள் உண்டு. அமீனா போய் இடத்தை ஒப்படைத்தால் முடிந்தது. பேட்டா கட்டவில்லை என்று தள்ளுபடி செய்தாலும் முடிந்தது. மனுதாரர் அன்றைக்கு வரவில்லை என்றாலும் முடிந்தது. சொத்து விவரத்தில் சர்வே எண் பிழை, திருத்திக்கொண்டு வா என்று மூடினாலும் முடிந்தது. டிக்ரிக்குப் பன்னிரண்டு வருடக் கெடு இருப்பதால் அவர் புது எண்ணில் திரும்ப வருவார். அது புது மனுவாகக் கணக்கில் ஏறும். ஆறு மாதத்துக்குள் முடிக்காவிட்டால் நீதான் பொறுப்பு என்று மேலிருந்து நெருக்கும்போது, கீழே இருப்பவருக்கு எந்த வழி எளிது என்று சொல்லத் தேவையில்லை. அவரிடம் இருப்பது ஒன்றிரண்டு அமீனா. போலீஸ் பாதுகாப்புக்குத் தனி மனு, தனி வாய்தா. அளந்து காட்ட வேண்டிய சர்வேயர் வருவாய்த் துறையின் ஆள், கோர்ட்டின் ஆள் இல்லை.

ஆகவே, அந்த மூன்றரை லட்சத்தை நெருங்கும் எண்ணிக்கை அடுத்த முறை ஐந்து லட்சமாக உயர்ந்து வந்தால், உயர் நீதிமன்றங்களிடம் உச்ச நீதிமன்றம் இன்னொரு பத்தியும் கேட்க வேண்டும்: அவற்றில் எத்தனையில் வீட்டின் சாவியோ நிலமோ பணமோ டிக்ரிதாரர் கைக்குப் போனது, எத்தனை வெறுமனே மூடப்பட்டு வேறு எண்ணில் திரும்பி வந்தது. விருதுநகர் மாவட்டத்துக்கு அந்தக் கணக்கை எடுக்க ஸ்ரீவில்லிபுத்தூரில் பதிவேடு இருக்கிறது. ஒரு மாத வேலைதான்.